மின்மினியும் உயிரெழுத்தும்

கோலசிலாங்கூருக்கு அருகே, சிலாங்கூர் ஆற்றின் கரையில், கம்போங் குவாந்தான் என்னும் சிற்றூர் இருக்கிறது. இருள் கவிந்த பின் அங்குப் படகேறுவோர் காணும் காட்சி உலகில் மிகச் சில இடங்களிலேயே காணக் கிடைப்பது. கரையோரத்துப் பெரெம்பாங் மரங்களில் ஆயிரக்கணக்கான மின்மினிகள் அமர்ந்திருக்கின்றன. அவை தத்தம் விருப்பம்போல் மின்னுவதில்லை. ஒரு மரம் முழுவதும் ஒரே வேளையில் ஒளிர்கிறது. ஒரே வேளையில் அணைகிறது. நொடிக்கு ஏறத்தாழ மூன்று முறை இது நிகழ்கிறது. தாளக் கட்டளைக்கு அடங்கியது போன்ற இவ்வொளியைத் தருபவை பெரும்பாலும் ஆண் பூச்சிகளே. மலாய் மக்கள் இதனைக் கெலிப்-கெலிப் என்பர். விஞ்ஞானிகள் டெராப்டிக்ஸ் டெனர் என்று பெயரிட்டுள்ளனர்.

இந்த ஆற்றின் இருபுறத்து நிலம் தோட்டங்களின் நிலம். கடலோரத்து ஜெரம், புக்கிட் ரோத்தான் முதலாக, ஈஜோக், பத்தாங் பெர்ஜுந்தை வழியாக, மலையடிவாரத்துக் கோலகுபு பாரு, கலும்பாங் வரை தமிழர் காடு திருத்திய நிலம் அது. விடியுமுன் பிரட்டுக் களத்தில் பேர் கொடுத்து, உளியும் வாளியுமாக நிரைக்குச் சென்றவர்களின் பேரப்பிள்ளைகள் இன்றும் அவ்வட்டாரத்தில் வாழ்கின்றனர். அவர்கள் வளர்த்த மரங்கள் இரண்டு: ஒன்று கித்தா எனப்படும் பால்மரம், மற்றொன்று செம்பனை.

ஆற்றங்கரைப் பூச்சிக்கும் தோட்டத்து மரத்துக்கும் என்ன தொடர்பு? மேலோட்டமாக நோக்குவோர்க்கு ஒன்றும் தோன்றாது. ஆயினும் சென்ற நூறாண்டு விஞ்ஞான வரலாற்றைப் புரட்டினால் இவை இரண்டும் ஓரிடத்தில் சந்தித்திருப்பது புலப்படும். சந்திக்க வைத்தது பௌதிக நூலார் கண்ட அலை என்னும் கருத்தாகும். நீரிலும் ஒலியிலும் ஒளியிலும் அவர்கள் ஆராய்ந்த அலையே உயிர்நூலுக்குள் புகுந்து, மரபணுத்தொகுதி ஆராய்ச்சிக்குக் கண்ணாகவும் ஓரளவு செவியாகவும் ஆயிற்று. அந்த வரலாற்றில் மெய்யும் உண்டு. மெய்போல் நடமாடிய பொய்யும் உண்டு.

தென்னமரத் தோட்டம்

பத்தாங் பெர்ஜுந்தைக்கு (இன்றைய பெஸ்தாரி ஜெயா) அருகில் உள்ள தோட்டம் ஒன்றன் பெயர் தென்னமரம். ஆங்கிலத்தில் எப்படி எழுதினாலும் தமிழ்க் காதுக்கு அது தமிழ்ப் பெயரே. ஆனால் அத்தோட்டம் புகழ் பெற்றது தென்னையால் அன்று. 1917-ஆம் ஆண்டில், நலிந்துபோன காப்பிச் செடிகளுக்கு மாற்றாக, ஹென்றி போகோன்னியே என்னும் பிரெஞ்சுக்காரர் அங்குச் செம்பனையைப் பயிரிட்டார். மலேசியாவின் முதல் வாணிகச் செம்பனைத் தோட்டம் அதுவே. இதே போகோன்னியே பின்னர் மலாயாவைக் களமாகக் கொண்டு எழுதிய நாவலுக்கு 1930-இல் பிரான்ஸ் நாட்டின் கோன்கூர் பரிசு கிடைத்தது. தோட்டத்துத் தமிழரும் அந்நாவலில் வருகின்றனர். இலக்கியப் பரிசு பெற்ற கையே செம்பனை வாணிகத்துக்கும் வித்திட்டது என்பது பலர் அறியாத செய்தி.

பால்மரத்தின் கதை இதற்கு முற்பட்டது. 1925-இல் மலாயா ரப்பர் ஆராய்ச்சிக் கழகம் நிறுவப்பட்டது. அதன் சோதனைத் தோட்டம் சிலாங்கூரின் சுங்கை பூலோவில் அமைந்தது. சிலாங்கூரின் பிராங் பெசார் தோட்டத்து மரவகை ஒன்றையும் ஜாவாவின் மரவகை ஒன்றையும் கலந்து இக்கழகத்தார் உண்டாக்கிய 600 எண் மரவகை ஆசியத் தோட்டங்களில் பரவலாக நடப்பட்டது. இம்மரத்தின் மரபணுத்தொகுதியே 2013-இல் பினாங்கிலுள்ள மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தாரின் முயற்சியால் முதன்முதலாக வரைவு நிலையில் வெளியாயிற்று. ஆனால் கித்தாவுக்கும் அலைக்கும் ஏற்பட்ட உறவு அதற்கு மிக முந்தியது. ஆராய்ச்சிக் கழகம் நிறுவப்பட்ட அதே 1925-இல் ஐரோப்பாவில் காட்ஸ் என்பார் செய்த சோதனையில் அது தொடங்குகிறது. அச்சோதனையை அறிய, அலை எவ்வாறு கண்ணுக்குத் தெரியாததைக் காட்டும் என்பதை முதலில் அறிதல் வேண்டும்.

கண்ணுக்கு எட்டாதது

ஒளி ஓர் அலை. கண் காணும் ஒளியின் அலைநீளம் மில்லிமீட்டரில் ஏறத்தாழ இரண்டாயிரத்தில் ஒரு பங்கு. அதனினும் மிகச் சிறிய பொருளை அவ்வொளியைக் கொண்டு காண இயலாது. ஆற்றில் பெரிய அலை வரும்போது நடுவே நட்ட மெல்லிய குச்சி அவ்வலையை மாற்றுவதில்லை அல்லவா? அதுபோலத்தான். டி.என்.ஏ. என்னும் மரபிழையில் ஓர் எழுத்துக்கும் அடுத்த எழுத்துக்கும் உள்ள இடைவெளி, ஒரு மில்லிமீட்டரை ஏறத்தாழ முப்பது இலட்சம் கூறிட்டால் அதில் ஒரு கூறு. மின்மினியின் பசுமஞ்சள் ஒளியின் அலைநீளம் இவ்விடைவெளியைப்போல் ஆயிரத்து அறுநூறு மடங்குக்கும் மேல் பெரிது. எனவே எத்துணைச் சிறந்த கண்ணாடி வில்லையும் இங்குப் பயன்படாது. எக்ஸ் கதிரின் அலைநீளமோ அணுக்களின் இடைவெளி அளவினது.

1912-இல் ஜெர்மனியில் லாவே என்பாரின் கருத்தைப் பின்பற்றிப் படிகம் ஒன்றினூடே எக்ஸ் கதிரைச் செலுத்தியபோது, நிழற்படத் தகட்டில் ஒழுங்கான புள்ளிகள் தோன்றின. அடுத்த ஆண்டே பிராக் என்னும் தந்தையும் மகனும் அப்புள்ளிகளிலிருந்து அணுக்களின் அமைப்பைக் கணித்துக் காட்டினர். தோட்டத்தில் வளர்ந்தோர்க்கு இது எளிதில் விளங்கும். லாரியில் சாலையோடு செல்லும்போது பால்மரங்கள் முதலில் காடுபோல் குழம்பித் தோன்றும். ஒரு கோணத்தில் திடீரென நிரைநிரையாகப் பிரிந்து நெடுந்தொலைவு வெளிவிடும், மீண்டும் குழம்பும், வேறொரு கோணத்தில் வேறு நிரை தெரியும். எந்தெந்தக் கோணத்தில் நிரை திறக்கிறது என்று குறித்துக்கொண்டவன், மரத்துக்கு மரம் எத்தனை அடி என்பதை இறங்கி அளக்காமலே கணக்கிடலாம். அணு நிரைகளில் பட்டுத் திரும்பும் அலைகளும் சில திசைகளில் ஏற்றத்தோடு ஏற்றம் கூடி வலுக்கின்றன. பிற திசைகளில் ஏற்றத்தோடு இறக்கம் கூடி அழிகின்றன. வலுத்த இடமே தகட்டில் புள்ளி.

காட்ஸ் இக்கதிரைக் கித்தாவில் செலுத்தினார். இழுக்காத கித்தா, நீர்மம் போல, மங்கிய வளையம் ஒன்றையே காட்டியது. அதனை நன்றாக இழுத்துப் பிடித்துச் செலுத்தியபோது படிகத்துக்கு உரிய புள்ளிகள் தோன்றின! தாறுமாறாகச் சுருண்டுகிடந்த நீண்ட இழைகள் இழுத்தவுடன் வரிசைப்படுகின்றன என்பது பின்னர்த் தெளிவாயிற்று. உயிர்ப்பொருளின் இழைகளிலும் ஒழுங்கு உண்டு, அதனை அலையால் படம் பிடிக்கலாம் என்னும் துணிவை வளர்த்த சோதனைகளுள் இதுவும் ஒன்று. தோட்டத்து மங்கில் சொட்டிய பால் விஞ்ஞானத்துக்குச் செய்த இத்தொண்டு பள்ளிப் பாடங்களில் சொல்லப்படுவதில்லை.

அலைக்கும் மரபுக்கும் உள்ள உறவைக் கருத்தளவில் முதலில் உரக்கக் கேட்டவர் ஷ்ரோடிங்கர். 1926-இல் அணுவின் அலைச் சமன்பாட்டைத் தந்த இவ்வறிஞர், 1943-இல் டப்ளின் நகரில் உயிர் என்பது யாது என்னும் பொருள் பற்றிச் சொற்பொழிவாற்றினார். மறு ஆண்டு அது நூலாயிற்று. மரபைத் தாங்கும் பொருள் படிகம்போல் உறுதியானதாகவும், ஆனால் ஒரே கோலம் மீண்டும் மீண்டும் வாராததாகவும் இருத்தல் வேண்டும் என்றார். வாசலில் புள்ளி வைத்துப் போடும் கோலத்தில் ஒரு பகுதியைக் கண்டால் மிகுதியை ஊகித்துவிடலாம். ஓலை ஏட்டில் அப்படியன்று. அங்கும் எழுத்துகள் ஒழுங்கான வரிகளில்தாம் நிற்கின்றன. ஆனால் அடுத்த எழுத்து இன்னதென்று முன் எழுத்தைக் கொண்டு சொல்ல இயலாது. அதனால்தான் ஏடு செய்தியைத் தாங்குகிறது, கோலம் தாங்குவதில்லை. ஷ்ரோடிங்கர் கூறிய விவரங்கள் பலவும் பின்னர் நிலைபெறவில்லையாயினும், இந்த ஒரு கருத்து நின்றது.

1952-ஆம் ஆண்டு மே மாதம், லண்டன் கிங்ஸ் கல்லூரியில் ரோசலிண்ட் பிராங்க்லின் மேற்பார்வையில் ரேமண்ட் காஸ்லிங் எடுத்த டி.என்.ஏ. படம் இவ்வரலாற்றின் நடுமணி. 51 என எண்ணிடப்பட்ட அப்படத்தில் பெருக்கல் குறிபோலப் புள்ளிகள் குறுக்கிட்டன. திருகு சுருளான பொருள் அலையை இவ்வாறுதான் சிதறடிக்கும் என்னும் கணக்கு அவ்வாண்டிலேயே வெளியாகியிருந்தது. படத்திலிருந்து ஒரு சுற்றின் நீளமும், ஒரு சுற்றுக்குப் பத்துப் படி என்பதும் கிடைத்தன. 1953 ஜனவரியில் இப்படம் வாட்சனுக்குக் காட்டப்பட்டது. ஏப்ரலில் வாட்சன், கிரிக் இருவரின் இரட்டைச் சுருள் உலகுக்கு அறிவிக்கப்பட்டது. பிராங்க்லின் 1958-இல் மறைந்தார். 1962-இல் நோபல் பரிசு பிறருக்குச் சென்றது. இறந்தோர்க்கு அப்பரிசு அளிக்கப்படுவதில்லை என்பது உண்மையே. ஆனால் அவருடைய படத்தை அவருக்குத் தெரியாமல் காட்டியதை எந்த விதியும் நியாயமாக்காது.

அதே ஆண்டுகளில் சென்னையிலும் இக்கலை தழைத்தது. 1952-இல் சென்னைப் பல்கலைக்கழகப் பௌதிகத் துறைக்கு வந்த ஜி. என். இராமச்சந்திரன், கோபிநாத் கர்த்தாவுடன் சேர்ந்து, தோலிலும் தசைநாரிலும் உள்ள கொலாஜன் என்னும் புரதத்தை எக்ஸ் கதிரால் ஆராய்ந்தார். அது மும்மடிச் சுருள் என்று 1954, 1955 ஆண்டுகளில் வெளியிட்டார். லண்டனிலும் கேம்பிரிட்ஜிலும் நிகழ்ந்த அறிவுப் போட்டியில் கிண்டி வளாகம் பின்தங்கி நிற்கவில்லை என்பது தமிழ்நாட்டார் மறக்கத் தகாத செய்தி. கொலாஜன் மரபணு அன்று, மரபணுவின் கட்டளையால் ஆகும் பொருள். ஆயினும் இரண்டையும் காட்டிய கண் ஒன்றே.

இவ்வளவும் செய்த எக்ஸ் கதிரால் ஒன்று மட்டும் இயலவில்லை. அது ஏட்டின் அளவையும் வரிகளின் இடைவெளியையும் சொல்லிற்று. வரியில் எழுதியிருப்பது யாது என்று சொல்லவில்லை. ஒழுங்காக மீண்டு வருவதையே அலைச் சிதறல் காட்டும்; மீண்டு வாராத எழுத்துவரிசை அதன் வலையில் சிக்காது. எழுத்தைப் படிக்க வேறு வழி வேண்டியிருந்தது. அதற்கு உதவியவற்றுள் ஒன்று மின்மினி.

பூச்சியின் ஒளியில்

1940-களில் அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் வில்லியம் மக்கெல்ராய் என்னும் ஆராய்ச்சியாளர், நூறு மின்மினிக்கு இருபத்தைந்து காசு வீதம் சிறுவர்களுக்குக் கொடுத்துப் பூச்சி பிடிக்கச் செய்தார். அப்பூச்சிகளைக் கொண்டு 1947-இல் அவர் கண்டது அரிய உண்மை. உயிரணுக்கள் அனைத்திலும் ஆற்றலை ஏந்திச் செல்லும் ஏ.டி.பி. என்னும் பொருள் இருந்தால்தான் மின்மினிச் சாறு ஒளிரும்; ஏ.டி.பி. எவ்வளவோ அவ்வளவே ஒளி. எனவே ஒளியை அளந்தால் ஏ.டி.பி.யை அளந்ததாகும். ஒளியைத் தூண்டும் நொதிக்கு லூசிபெரேஸ் என்று பெயர். 1985-இல் வட அமெரிக்க மின்மினி ஒன்றன் லூசிபெரேஸ் மரபணுவைக் கலிபோர்னியாவில் தனியே பிரித்தெடுத்தனர். மறு ஆண்டு அதனைப் புகையிலைச் செடியில் புகுத்த, செடி இருளில் ஒளிர்ந்தது. அது வேடிக்கை என்று நினைத்தவர்கள் உண்டு; வேடிக்கையாக முடியவில்லை.

ஸ்வீடன் நாட்டில் பால் நைரன் முதலியோர் 1990-களில் ஒரு முறையை வகுத்தனர். மரபிழையின் எழுத்துகள் நான்கே. ஒற்றை இழையைப் பிடித்து வைத்து, அதற்கு இணை இழை கட்டும் நொதியையும் சேர்த்து, நான்கு எழுத்துப் பொருள்களையும் ஒன்றன்பின் ஒன்றாக ஊட்டினர். பொருந்தாத எழுத்து சேராது, ஒன்றும் நிகழாது. பொருந்தும் எழுத்து இழையில் ஒட்டியதும் பைரோபாஸ்பேட் என்னும் துணுக்கு கழன்று வரும். அத்துணுக்கை வேறொரு நொதி ஏ.டி.பி.யாக மாற்றும். ஏ.டி.பி. வந்ததும் லூசிபெரேஸ் மின்னும்! எந்த எழுத்தை ஊட்டியபோது மின்னியதோ அதுவே அவ்விடத்து எழுத்து. ஒரே எழுத்து இருமுறை அடுத்து வந்தால் ஒளி இருமடங்கு. இவ்வாறு இலட்சக்கணக்கான நுண்குழிகளில் ஒரே சமயத்தில் மின்னும் ஒளியைப் படம் பிடித்துப் படிக்கும் 454 என்னும் பொறி 2005-இல் சந்தைக்கு வந்தது. அன்று அப்பொறியின் உள்ளே நிகழ்ந்தது, சுருங்கச் சொன்னால், மின்மினி மரத்தின் சிற்றுருவமே. சில ஆண்டுகளில் விரைவும் மலிவும் மிக்க வேறு பொறிகள் வந்து அதனை வழக்கிலிருந்து நீக்கிவிட்டன. அவற்றுள் பலவும், 1986-இல் தொடங்கிய வேறொரு வழியைப் பின்பற்றி, எழுத்துக்கொரு நிறச் சாயம் ஏற்றி, நிறத்தை அலைநீளத்தால் பிரித்தறிந்தன.

அந்த 454 பொறியில் படிக்கப்பட்ட பெருநூல்களுள் ஒன்று செம்பனை. 2013-இல் மலேசியச் செம்பனை வாரியத்தின் ஆராய்ச்சியாளர்கள், அமெரிக்க நிறுவனம் ஒன்றுடன் சேர்ந்து, 180 கோடி எழுத்துகள் கொண்ட அதன் மரபணுத்தொகுதியை வெளியிட்டனர். குறைந்தது 34,802 மரபணுக்கள் இருப்பதாகக் கணக்கிட்டனர். இராஜிந்தர் சிங், ரவிகாதேவி சம்பந்தமூர்த்தி ஆகியோர் இப்பணியில் முன்னின்றோர். கூடவே வெளிவந்த மற்றொரு கண்டுபிடிப்பு தோட்டத்துக்கு இன்னும் நெருக்கமானது. செம்பனையில் தடித்த ஓட்டுக் கொட்டையுடையது டூரா. ஓடே இல்லாதது பிசிபெரா. இரண்டும் கலந்து பிறக்கும் மெல்லோட்டு வகை டெனெரா. டெனெராவில்தான் எண்ணெய் மிகுதி. டூராவைவிட ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு கூடுதல். இக்கலப்பின் விதியை 1941-இலேயே காங்கோ நாட்டில் கண்டறிந்திருந்தனர். ஆனால் நாற்றங்காலில் நிற்கும் கன்று எவ்வகை என்பதை, அது வளர்ந்து ஆண்டுகள் சில கழிந்து பழம் தரும்வரை யாரும் அறிய முடியாது. நட்டு, உரமிட்டு, களை பிடுங்கி, காத்திருந்து, பிறகு ஏமாறவேண்டும். ஓட்டைத் தீர்மானிக்கும் அந்த ஒரே மரபணுவை 2013-இல் இனங்கண்டனர். அதன்பின் இலைத்துண்டு ஒன்றே சோதனைக்குப் போதும்.

தென்னமரத்தில் முதற்கன்று நட்டு அப்போது 96 ஆண்டுகள் கழிந்திருந்தன. அந்தக் கன்றுகளுக்குக் குழி வெட்டியவர்களின் பெயர்கள் எந்தச் சஞ்சிகையிலும் ஏறவில்லை.

செய்யுளும் உரைநடையும்

எழுத்துகளைப் படித்துவிட்டால் போதுமா? கோடிக்கணக்கான எழுத்துகள் இடைவெளியும் நிறுத்தக் குறியும் இன்றி ஓடுகின்றன. பெரும்பகுதி மரபணு அன்று. பால்மரத்தின் வரைவில் முக்கால் பங்குக்கு மேல் திரும்பத் திரும்ப வரும் பகுதிகளே. மரபணு எங்கே தொடங்கி எங்கே முடிகிறது? இங்குதான் அலை, கருவியாக அன்றிக் கணக்காக வருகிறது. எத்தகைய ஏற்றத்தாழ்வையும் சீரான அலைகள் பலவற்றின் கூட்டாகப் பகுக்கலாம் என்று பூரியே என்னும் பிரெஞ்சுக் கணித அறிஞர் பத்தொன்பதாம் நூற்றாண்டில் காட்டினார். வீணையொலியைப் பகுத்து எந்தச் சுரம் ஓங்குகிறது என்று காண்பது இவ்வழியே. எழுத்துவரிசையையும் இவ்வாறு பகுத்தால் என்ன?

தமிழாசிரியர்க்கு இது புதிதாகத் தோன்றாது. தமிழ் அறியாத அயலான் ஒருவனிடம் ஒரு பக்கம் உரைநடையும் ஒரு பக்கம் செய்யுளும் கலந்து படித்துக் காட்டுக. பொருள் அவனுக்குத் தெரியாது. ஆயினும் அடிதோறும் எதுகை விழுவதையும், சீர்கள் அளவொத்து நடப்பதையும் அவன் காது பிடித்துக்கொள்ளும். 'இது செய்யுள், அது உரைநடை' என்று அவன் பிரித்துச் சொல்லிவிடுவான். புரதத்தைக் கட்டளையிடும் மரபணுப் பகுதி மும்மூன்று எழுத்தாக வாசிக்கப்படுவது. அந்த மும்மையில் ஒவ்வோர் இடத்துக்கும் சில எழுத்துகள் மிகுந்து வருவது வழக்கம். ஆகவே அப்பகுதியைப் பூரியே முறையில் பகுத்தால், மூன்று எழுத்துக்கு ஒருமுறை அடிக்கும் தாளம் ஓங்கித் தெரிகிறது. மற்றப் பகுதிகளில் அது பொதுவாக அடங்கிக் கிடக்கிறது. இவ்வுண்மையைக் கொண்டு மரபணுக்களை முன்னறியும் முறை ஒன்றை 1997-இல் வெளியிட்டவர்கள் புதுதில்லியைச் சேர்ந்த ஆராய்ச்சியாளர்கள். அவர்களுள் இராமச்சந்திரன், இராமசாமி என்னும் பெயரினரும் உண்டு. குறள்வெண்பாப் போன்ற குறும்பகுதிகளில் தாளம் நிலைக்குமுன் பகுதியே முடிந்துவிடுகிறது. அங்கு இம்முறை தடுமாறும். எனவே இன்று பிற முறைகளோடு சேர்த்தே இது கையாளப்படுகிறது.

இங்கு ஓர் எச்சரிக்கை வேண்டும். மரபணு வரிசையில் அலை இருக்கிறது என்பது, அதிலிருந்து ஏதோ மறைகதிர் வீசுகிறது என்று பொருள்படாது. செய்யுளில் தாளம் இருப்பதால் ஏடு அதிர்வதில்லை. இவ்வேறுபாட்டை மறந்து இடறியோர் உண்டு. 1923-இல் ருஷிய நாட்டுக் குர்விட்ச், வெங்காய வேர்முனை கதிரொன்றை வீசி அடுத்த வேரின் உயிரணுக்களைப் பிளவுறத் தூண்டுகிறது என்றார். பத்துப் பதினைந்து ஆண்டுகள் நூற்றுக்கணக்கான கட்டுரைகள் அதனை வழிமொழிந்தன. 1937-இல் அமெரிக்காவில் ஹாலந்தர், கிளாஸ் என்போர் கடுமையாகச் சோதித்தபோது அக்கதிர் அகப்படவில்லை. நோபல் பரிசு பெற்றவரே ஆயினும், டி.என்.ஏ. மின்காந்த அலை வீசுகிறது என்று 2009-இல் மாண்டக்னியர் சொன்னதையும் அறிவுலகம் ஏற்கவில்லை. 'மரபணு அலையைச் சீராக்கி நோய் தீர்ப்போம்' என்று விற்கப்படும் பண்டங்கள் இத்தகைய கூற்றுகளின் பெயரால்தான் வருகின்றன.

ஒத்து மின்னுதல்

மெய்யாகவே உயிருக்குள் ஓடும் அலை வேறு. அதனை அறிய மீண்டும் ஆற்றங்கரைக்கே வரவேண்டும்.

1690-இல் சயாம் நாட்டு ஆற்றில் படகில் சென்ற கெம்ப்பர் என்னும் ஜெர்மானிய மருத்துவர், மின்மினிகள் ஒருங்கே மின்னியதைக் கண்டு எழுதிவைத்தார். ஐரோப்பியர் பலர் இதனை நம்பவில்லை. 1917-இல் ஒருவர், அமெரிக்க விஞ்ஞானச் சஞ்சிகையில், பூச்சிகள் ஒருங்கே மின்னவில்லை, பார்த்தவரின் கண்ணிமைதான் துடித்தது என்றே எழுதிவிட்டார்! அப்படியானால் சிலாங்கூர் ஆற்றங்கரையில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்தோர் அனைவர்க்கும் இமை ஒரே தாளத்தில் துடித்தது போலும். 1960-களில் அமெரிக்க உயிர்நூலறிஞர் ஜான் பக், மனைவி எலிசபெத்துடன் தாய்லாந்துக்கு வந்து, டெராப்டிக்ஸ் இனத்தையே அளந்து, ஐயத்தைத் தீர்த்தார். தலைமைப் பூச்சி என ஒன்று இல்லை. ஒவ்வொன்றினுள்ளும் ஒரு கடிகாரம் இருக்கிறது. அண்டையில் மின்னுவதைக் கண்டு ஒவ்வொன்றும் தன் கடிகாரத்தைச் சற்றே திருத்திக்கொள்கிறது. விரைவில் கட்டம், அதாவது ஏற்றமும் இறக்கமும் நிகழும் வேளை, எல்லாவற்றுக்கும் ஒன்றாகிவிடுகிறது. ஒரே மரச்சட்டத்தில் மாட்டிய இரு ஊசற்கடிகாரங்கள் தாமே இசைந்ததை 1665-இல் ஹைகன்ஸ் கண்டிருந்தார். பூச்சிக்கும் ஊசலுக்கும் பொருந்தும் கணக்கை 1975-இல் ஜப்பானியராகிய குராமோட்டோ எளிய வடிவில் தந்தார்.

இதே நிகழ்ச்சி கருவிலும் நிகழ்கிறது. முதுகெலும்பின் கணுக்கள் கருவில் ஒன்றன்பின் ஒன்றாக, ஒரே இடைவேளையில், தலைப்புறத்திலிருந்து வால்புறம் நோக்கித் தோன்றுகின்றன. 1976-இல் குக் என்னும் உயிர்நூலாரும் சீமன் என்னும் கணித நூலாரும், உயிரணுக்களுக்குள் ஒரு கடிகாரமும், கருவின் நீளத்தில் மெல்ல நகரும் அலைமுகம் ஒன்றும் இருந்தால் இது நிகழும் என்று ஊகித்தனர். அப்போது சான்று இல்லை. 21 ஆண்டுகள் கழித்து, 1997-இல், பிரான்ஸ் நாட்டில் பூர்க்கியே குழுவினர் கோழிக் கருவில் அக்கடிகாரத்தைக் கண்டனர். ஒரு மரபணு 90 நிமிடத்துக்கு ஒருமுறை விழித்து உறங்குகிறது. அவ்விழிப்பு அலையாகி வால்புறத்திலிருந்து முன்னோக்கி ஓடுகிறது. ஓர் அலைக்கு ஒரு கணு. எலிக் கருவில் இதற்கு ஏறத்தாழ இரண்டு மணி நேரம். மரபணுத்தொகுதி என்பது வெறும் ஏடு அன்று, தாளத்தோடு ஓதப்படும் ஏடு என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

இவ்வலையை உயிருள்ள எலிக் கருத்திசுவில் ஓடும்போதே காட்டியவர்கள் கியோட்டோ நகரத்துக் காகெயாமா குழுவினர். ஆண்டு 2006. அவர்கள் கையாண்ட உத்தியை ஊகித்தல் கடினமன்று: துடிக்கும் மரபணுவின் விசையோடு மின்மினியின் லூசிபெரேஸ் மரபணுவைப் பிணைத்தனர். அது விழிக்கும்போதெல்லாம் திசு மின்னியது. உயிரணுக்களைத் தனித்தனியே பிரித்து வைத்தபோது ஒவ்வொன்றின் துடிப்பும் தாளம் தவறித் தடுமாறியது. கூடி வாழும்போது அண்டை அணுக்கள் ஒன்றையொன்று திருத்தித் தாளத்தைக் காத்தன. பெரெம்பாங் மரத்தில் நிகழும் அதே பாடம், மின்மினியின் ஒளியாலேயே, எலிக் கருவில் படிக்கப்பட்டது.

சிலாங்கூர் ஆற்று மின்மினிக்கு இப்போது இடர் மிகுந்துள்ளது. வளர்ந்த பூச்சி பெரெம்பாங் மரத்தில் மின்னினாலும், அதன் புழு வாழ்வது கரைக்குப் பின்னாலுள்ள நீப்பா, சாகோ வளரும் ஈரநிலத்தில்; உணவு அங்குள்ள சிறு நத்தைகள். பெரெம்பாங் மரத்துக்கோ ஆற்று நன்னீரும் கடலின் உவர்நீரும் அளவோடு கலத்தல் வேண்டும். 2000-களின் தொடக்கத்தில் கோலகுபு பாருவுக்கு மேலே இவ்வாற்றில் அணை கட்டப்பட்டபோது, நீரின் அளவு மாறினால் மரம் என்னாகும் என்னும் கேள்வி எழுந்தது. அதனினும் அண்மையில் நிற்கும் இடர் கரைதிருத்தல். செம்பனை நடுவதற்காக நீர்விளிம்பு வரை வெட்டித் திருத்திய இடங்களில் ஈரநிலம் இல்லை. ஈரநிலம் இல்லாத இடத்தில் நத்தை இல்லை. நத்தை இல்லாத இடத்தில் புழு இல்லை. மலேசிய வன ஆராய்ச்சிக் கழகத்தார் இரவில் படகேறிக் கரைமரங்களைப் படம் பிடித்து, படத்திலுள்ள ஒளிப்புள்ளிகளைக் கணிப்பொறியால் எண்ணி, எந்தக் கரையில் எத்தனை மின்மினி எஞ்சியுள்ளது என்று கணக்கிடும் முறையை வகுத்துள்ளனர்.